பச்சைத் தொப்பிக்காரனும் பெயர் சொல்லக் கூடாதவர்களும்

2016 ஜூலையில் அயர்லாந்தின் மத்தியப் புள்ளியியல் அலுவலகம் ஒரு கணக்கை வெளியிட்டது. 2015ஆம் ஆண்டில் நாட்டின் பொருளாதாரம் 26.3 சதவீதம் வளர்ந்திருந்ததாம். டப்ளின் தெருவில் நடந்துபோன எவருடைய சம்பளமும் அப்படி உயர்ந்துவிடவில்லை. பன்னாட்டு நிறுவனங்கள் தங்கள் காப்புரிமைச் சொத்துகளைக் காகிதத்தில் அயர்லாந்தின் பெயருக்கு மாற்றியதால் வந்த வீக்கம் அது. அமெரிக்கப் பொருளியலாளர் பால் க்ரூக்மன் அதற்கு 'லெப்ரகான் பொருளாதாரம்' என்று பெயர் சூட்டினார். பெயர் அன்றே ஒட்டிக்கொண்டது.

கேலி சட்டென்று பலித்ததற்குக் காரணம், லெப்ரகானை உலகத்துக்கே தெரியும் என்பதுதான். பச்சைக் கோட்டு, பக்கிள் வைத்த பச்சைத் தொப்பி, செம்பட்டைத் தாடி, வானவில்லின் அடியில் ஒரு பானைத் தங்கம். கையில் எடுத்தால் மறைந்துவிடும் தங்கம். ஆனால் இருநூறு வருடங்களுக்கு முன் கெர்ரியிலோ டிப்பரரியிலோ உருளைக்கிழங்கு தோண்டிக்கொண்டிருந்த ஒரு குடியானவனிடம் இந்தப் படத்தைக் காட்டியிருந்தால் அவனுக்கு ஆளை அடையாளம் தெரிந்திருக்காது. அவன் அறிந்த லெப்ரகான் சிவப்புக் கோட்டுக்காரன், உழைப்பாளி, அதிகம் பயப்படத் தேவையில்லாதவன். அந்தக் குடியானவன் இரவில் பயந்தது வேறு சிலருக்கு. அவர்களுடைய பெயரை அவன் சொல்லமாட்டான்.

தமிழில் இதை எழுத உட்காரும்போதே ஒரு சிக்கல். ஆங்கிலத்தில் 'ஃபேரி' என்று எழுதியிருப்பதை நாம் பழக்கதோஷத்தில் 'தேவதை' என்று பெயர்த்துவிடுகிறோம். உடனே வெள்ளை கவுன், முதுகில் சிறகு, கையில் நட்சத்திரக்கோல் எல்லாம் வந்துவிடுகின்றன. லெப்ரகானைக் 'குட்டிச்சாத்தான்' ஆக்கினால் மந்திரவாதியின் ஏவலாள் வாசனை அடிக்கிறது. இரண்டும் பொருந்தவில்லை. அயர்லாந்தின் இந்த மக்களுக்குச் சிறகு கிடையாது. பெரும்பாலான கதைகளில் அவர்கள் நம்மைப் போலவே உயரமானவர்கள். மாடு வளர்க்கிறார்கள், பந்து விளையாடுகிறார்கள், கல்யாணம் செய்துகொள்கிறார்கள், பக்கத்து மாகாணத்தாரோடு சண்டைக்குப் போகிறார்கள். ஐரிஷ் மொழியில் அவர்கள் 'ஈஸ் ஷீ', அதாவது மேட்டுக்குள் இருப்பவர்கள்.

முதலில் லெப்ரகானைப் பார்த்துவிடுவோம்.

அவன் ஏட்டில் முதன்முதலாகத் தலைகாட்டும் இடம் வேடிக்கையானது. அது ஜப்தி பற்றிய பழைய ஐரிஷ் சட்ட நூல். கடன்காரனின் மாட்டை எப்போது பிடிக்கலாம், எத்தனை நாள் கட்டிவைக்கலாம் என்பது போன்ற விதிகளுக்கு நடுவே, முன்கதையாக அல்ஸ்டரின் அரசன் ஃபெர்கஸ் மக் லேட்டியின் கதை வருகிறது. கடற்கரையில் தேரில் தூங்கிக்கொண்டிருக்கிறான் அரசன். 'லுகோர்பான்' எனப்படும் நீர்வாழ் குள்ளர்கள் வந்து அவனுடைய வாளை முதலில் அப்புறப்படுத்திவிட்டு, ஆளைத் தூக்கிக் கடலுக்குக் கொண்டுபோகிறார்கள். குளிர்ந்த நீர் காலில் பட்டதும் விழித்துக்கொள்கிறான். கைக்கு ஒருவனாக இரண்டு பேரைப் பிடிக்கிறான், மூன்றாமவனை மார்போடு அழுத்திக்கொள்கிறான். விட்டுவிடு, கேட்டதைத் தருகிறோம் என்கிறார்கள். நீருக்கடியில் மூச்சுமுட்டாமல் நீந்தும் வித்தை வேண்டும் என்கிறான். கொடுக்கிறார்கள். காதில் வைத்துக்கொள்ள மூலிகை தந்தார்கள் என்கிறது கதை. இல்லை, தலையில் சுற்றிக்கொள்ள ஒரு மேலங்கி தந்தார்கள் என்றும் சொல்கிறது. நிபந்தனை ஒன்றுதான். உன் சொந்த நாட்டில் இருக்கும் லாக் ரூரி என்ற நீர்நிலைக்குள் மட்டும் இறங்காதே.

இறங்கினான். அங்கே முயிர்த்ரிஸ் என்ற நீர்ப்பிராணி ஊதுலைத் துருத்தி போல உப்பியும் சுருங்கியும் கிடந்தது. அதைப் பார்த்த அதிர்ச்சியில் அரசனின் வாய் கோணிப் பிடரிக்குப் போய்விட்டது. பழைய ஐரிஷ் வழக்கப்படி அங்கத்தில் குறையுள்ளவன் அரசனாக இருக்க முடியாது. அவையிலிருந்த அறிவாளிகள் கூடிப் பேசி, அரசனுக்கே அவன் முகத்தைத் தெரியாமல் மறைத்துவிடுவது என்று முடிவெடுத்தார்கள். தலை கழுவும்போது அவனை மல்லாக்கப் படுக்கவைத்தார்கள், தண்ணீரில் நிழல் தெரிந்துவிடக் கூடாதே! கோமாளிகளையும் வாய்த்துடுக்குக்காரர்களையும் அரண்மனைப் பக்கமே விடவில்லை. ஏழு வருடம் இந்த நாடகம் ஓடியது. ஒருநாள் தலை கழுவிவிட்ட அடிமைப் பெண் டோர்ன் மெதுவாக வேலை செய்கிறாள் என்று அரசன் சவுக்கால் அடித்தான். அவள் உண்மையை முகத்துக்கு நேரே சொல்லிவிட்டாள். அவளை வாளால் இரண்டாக வெட்டிவிட்டு, நேரே லாக் ரூரிக்குப் போனான். நீர் ரத்தமாகச் சிவந்தது. பிராணியின் தலையோடு கரையேறியவன் அங்கேயே விழுந்து செத்தான்.

இந்தக் கதையில் தங்கம் இல்லை, காலணி இல்லை, சிரிப்பும் இல்லை. பின்னாளில் வரும் லெப்ரகானின் ஒரு குணம் மட்டும் விதையாக இருக்கிறது: பிடித்துவிட்டால் கேட்டதைக் கொடுப்பான், ஆனால் கொடுப்பதிலேயே ஒரு பொறி இருக்கும்.

லுகோர்பான் என்றால் 'சிற்றுடல்' என்றுதான் வெகுகாலம் பொருள் சொல்லிவந்தார்கள். 2019இல் கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகமும் பெல்ஃபாஸ்ட் குயின்ஸ் பல்கலைக்கழகமும் சேர்ந்து பழைய ஐரிஷ் அகராதியை விரிவாக்கியபோது வேறொரு விளக்கம் முன்வைக்கப்பட்டது. பண்டைய ரோமில் லூப்பர்காலியா என்ற பிப்ரவரித் திருவிழாவில் அரை நிர்வாணமாக ஓடிய இளைஞர்களுக்கு லூப்பர்கி என்று பெயர். ஓநாயாக மாறுகிறவர்களைப் பற்றிப் புனித அகஸ்டின் எழுதும்போது இவர்களையும் குறிப்பிடுகிறார். லத்தீன் நூல்களை வாசித்த ஐரிஷ் துறவிகள் வழியாக அந்தச் சொல் உள்ளே வந்து உருமாறியது என்பது வாதம். அது சரியென்றால், அயர்லாந்தின் ஆக அசலான பிறவி என்று கொண்டாடப்படுபவனுக்குப் பெயர் ரோமிலிருந்து இரவல் வந்திருக்கிறது. ஊர்மக்களுக்கு இந்த ஆராய்ச்சியெல்லாம் தேவைப்படவில்லை. அவர்கள் தங்கள் காதுக்கு ஒலித்தபடி 'லெ-வ்ரோகான்', அதாவது ஒற்றைச் செருப்புக்காரன் என்று பிரித்துக்கொண்டார்கள். அவன் எப்போது பார்த்தாலும் ஒரு காலணியை மட்டும்தானே தைத்துக்கொண்டிருக்கிறான்!

வேலிப்புதருக்கு அப்பால் சின்னச் சுத்தியலின் டொக் டொக் சத்தம். எட்டிப் பார்த்தால் தோல் ஏப்ரன் கட்டிய கிழவன், மடியில் ஒரு சிறு காலணி. இரவெல்லாம் ஆடித் தீர்க்கும் மேட்டு மக்களுக்குச் செருப்பு தேய்ந்துகொண்டே இருக்கும். அவர்களுக்குத் தைத்துத் தருபவன் அவன். கூட்டத்தோடு சேராதவன், தனியன், சிடுமூஞ்சி. வைக்கிங் கொள்ளையர் காலத்தில் புதைக்கப்பட்ட பானைகள் எங்கெங்கே இருக்கின்றன என்று அவனுக்குத் தெரியும். அவனைப் பிடித்துவிட்டால் கண்ணை அவன்மீதிருந்து எடுக்கக் கூடாது. அவனுடைய திறமை முழுவதும் உங்களைத் திரும்பிப் பார்க்கவைப்பதில் இருக்கிறது. "அதோ, தேனீக்கூட்டம் உன் மாட்டை மொய்க்கிறதே" என்பான். திரும்பினீர்களோ, போயிற்று.

இவற்றில் எனக்கு மிகவும் பிடித்தது டாம் ஃபிட்ஸ்பாட்ரிக் என்ற குடியானவனின் கதை. அவன் திரும்பிப் பார்க்காத கெட்டிக்காரன். லெப்ரகானைக் கையில் பிடித்தபடியே வேலியும் சேறும் தாண்டி நடந்து ஒரு பெரிய வயலுக்கு வருகிறான். வயல் முழுக்க மஞ்சள் பூப் பூத்த களைச்செடிகள். ஒரு செடியைக் காட்டி, இதன் அடியில் தோண்டு, பொற்காசு நிறைந்த பானை இருக்கிறது என்கிறான் கிழவன். டாமிடம் மண்வெட்டி இல்லை. தன் காலுறையைக் கட்டியிருந்த சிவப்பு நாடாவை அவிழ்த்து அந்தச் செடியில் கட்டுகிறான். "இதை நீ அவிழ்க்கமாட்டேன் என்று சத்தியம் செய்." கிழவன் மனப்பூர்வமாகச் சத்தியம் செய்கிறான். ஓடிப்போய் மண்வெட்டியோடு திரும்பினால், நாற்பது ஏக்கர் வயலில் ஒவ்வொரு களைச்செடியிலும் அச்சு அசலாக அதே சிவப்பு நாடா. சத்தியத்தை மீறவில்லை பாருங்கள். இது குத்தகைக்கு நிலம் உழுதவர்கள் சொன்ன கதை. பத்திரத்தில் எழுதியது ஒன்றும் மீறப்படாமலேயே தங்கள் நிலம் எப்படிக் கைவிட்டுப் போகும் என்று அவர்களுக்கு நன்றாகத் தெரிந்திருந்தது.

ஊருக்கு ஊர் அவன் பெயரும் மாறும். கெர்ரியில் லூரிகான், கார்க்கில் க்ளூரகான். இந்தக் கடைசி ஆசாமி காலணி தைப்பதைவிடப் பணக்காரர் வீட்டு நிலவறைக்குள் புகுந்து மதுப் பீப்பாய்களைக் காலிசெய்வதில் நாட்டமுள்ளவன்.

இனி மற்றவர்கள்.

'நல்லவர்கள்', 'பெரியமனிதர்கள்', 'அந்தக் கூட்டத்தார்', வெறுமனே 'அவர்கள்'. ஐரிஷ்காரர்கள் மேட்டு மக்களைக் குறிக்கப் பயன்படுத்திய சொற்கள் இவைதான். நாம் நாகத்துக்கு 'நல்ல பாம்பு' என்று பெயர் வைத்திருப்பதை நினைத்துக்கொண்டால் போதும், அந்த 'நல்ல'வின் எடை புரிந்துவிடும். அவர்கள் காதில் விழுந்துவிடலாம், விழுந்தால் குறை சொல்ல இடமிருக்கக் கூடாது.

யார் இவர்கள் என்பதற்கு அயர்லாந்து இரண்டு பதில் வைத்திருந்தது. ஒன்று பழையது. 11ஆம் நூற்றாண்டில் தொகுக்கப்பட்ட 'படையெடுப்புகளின் நூல்' அயர்லாந்துக்கு அலையலையாக வந்தேறிய இனங்களைச் சொல்கிறது. அவர்களில் தேவர்களுக்கு நிகரான டூஹா டே டானன் என்ற இனத்தை, கடைசியாக வந்த மனிதர்களாகிய கேலர்கள் போரில் வென்றார்கள். அப்புறம் பாகப்பிரிவினை. மத்தியஸ்தம் செய்தவன் அமர்கின் என்ற கவிஞன் என்கிறது ஒரு பழங்கதை. நாட்டை நெடுக்காகவோ குறுக்காகவோ வெட்டாமல் மேல், கீழ் என்று பிரித்தான். நிலத்துக்கு மேலே உள்ளது மனிதர்களுக்கு, நிலத்துக்கு அடியில் உள்ளது தோற்றவர்களுக்கு. அன்றிலிருந்து அவர்கள் மேடுகளுக்குள் போய்விட்டார்கள். பாய்ன் நதிக்கரையில் உள்ள நியூகிரேஞ்ச் மேடு அப்படியொரு வீடு. கி.மு. 3200 வாக்கில் கட்டப்பட்ட கல்லறை அது, கீசா பிரமிடுகளைவிடப் பழையது. டிசம்பரில் பகல் மிகக் குறுகிய நாட்களில் சூரியன் உதிக்கும்போது, வாசலுக்கு மேலுள்ள துளைவழியே ஒளி பத்தொன்பது மீட்டர் நீள நடைக்குள் நுழைந்து உள்ளறையைத் தொடும். தொல்லியலாளர் மைக்கேல் ஓகெல்லி 1967இல் உள்ளே இருட்டில் காத்திருந்து அதைக் கண்டார். அந்த மேட்டுக்குள் ஒளியோடு சம்பந்தப்பட்ட யாரோ இருக்கிறார்கள் என்று சுற்றுவட்டாரத்தில் அதற்கு முன்பே பேச்சிருந்தது.

இரண்டாவது பதில் கிறிஸ்தவம் தந்தது. கடவுளுக்கும் சாத்தானுக்கும் சண்டை வந்தபோது எந்தப் பக்கமும் சேராமல் நின்ற தேவதூதர்கள் இவர்கள். நரகத்துக்குத் தள்ளும் அளவுக்குக் கெட்டவர்கள் இல்லை, மோட்சத்துக்கு லாயக்கும் இல்லை. இறுதித் தீர்ப்பு நாளில் எங்களுக்கு விமோசனம் உண்டா என்று ஒரு பாதிரியாரை வழிமறித்துக் கேட்கிறார்கள். உங்கள் உடம்பில் ஒரு பேனாவால் பெயர் எழுதும் அளவுக்காவது ரத்தம் இருந்தால் உண்டு என்கிறார் அவர். இருளில் பெரும் ஓலம் எழுகிறது. அவர்களுக்கு ரத்தமே இல்லை.

நியூகிரேஞ்ச் போன்ற பெருமேடுகள் சிலதான். கிராமத்தானின் அன்றாடத்தில் குறுக்கிட்டவை அவன் வயலுக்கு நடுவிலேயே இருந்த மண்வளையங்கள். 'லிஸ்', 'ராத்' என்று பெயர். வட்டமான கரை, சுற்றிலும் ஒரு பள்ளம், மேலே முட்செடிகள். அயர்லாந்தில் இவை சுமார் 45,000 இருக்கின்றன என்று ஒரு மதிப்பீடு உண்டு. கி.பி. 500 முதல் 1000 வரையிலான காலத்தில் வாழ்ந்த விவசாயக் குடும்பங்களின் வீட்டுவளைவுகள்தாம் இவை என்று தொல்லியல் சொல்கிறது. கட்டியவர்களின் நினைவு அழிந்தபின், காலியான வீட்டுக்கு ஊர் வேறு குடியேற்றியது. அங்கே ஏர் ஓட்டமாட்டார்கள், கல் எடுக்கமாட்டார்கள், மரம் வெட்டமாட்டார்கள். ஓரங்குல நிலத்துக்கு அடித்துக்கொண்ட நாட்டில் அரை ஏக்கரை ஆயிரம் வருடம் சும்மா விட்டுவைத்திருக்கிறார்கள் என்றால் பயத்தின் அளவைப் பார்த்துக்கொள்ளுங்கள். தொல்லியல் சின்னங்களைப் பரவலாகக் காக்கும் சட்டம் 1930இல்தான் வந்தது. அதுவரை காவல் காத்தது இந்தப் பயம்தான்.

பயம் வீட்டு வாசலிலும் இருந்தது. பால் கறந்தால் முதல் துளி தரைக்கு. இரவில் அழுக்குத் தண்ணீரை வெளியே வீசும்போது குரல் கொடுத்துவிட்டு வீச வேண்டும், யார்மேலாவது பட்டுவிடும். மே முதல் நாளும் அக்டோபர் கடைசி இரவும் அவர்கள் வீடு மாற்றும் நேரம், அப்போது வழியில் நிற்கக் கூடாது. தெரிந்த வயலிலேயே திசை தப்பிச் சுற்றிச்சுற்றி வந்தால், அது 'வழிமறக்கும் புல்கட்டி'யை மிதித்ததன் விளைவு. கோட்டைக் கழற்றி உள்பக்கம் வெளியாகப் போட்டுக்கொண்டால் பாதை தெரியும். இன்னொரு புல் உண்டு, 'பசிப்புல்'. அதை மிதித்தவன் அங்கேயே பசியில் சுருண்டு விழுவான், சட்டைப்பையில் ஒரு ரொட்டித்துண்டு வைத்திருந்தால் தப்பலாம். 1845 முதல் 1849 வரை நீடித்த பெரும்பஞ்சத்தில் வழியோரம் விழுந்து செத்தவர்கள் கிடந்த இடங்களில் அந்தப் புல் முளைக்கிறது என்றார்கள். இந்த ஒன்றை மட்டும் மூடநம்பிக்கை என்று தள்ள எனக்கு மனம் வரவில்லை.

நோய்க்கும் அவர்கள்தான் காரணம். நேற்றுவரை நடமாடியவருக்குக் கைகால் விழுந்துவிட்டதா, அது 'போக் ஷீ', மேட்டாரின் அடி. கொழுகொழுவென்று இருந்த குழந்தை திடீரென்று மெலிந்து ஓயாமல் அழுகிறதா, அசல் குழந்தையைக் கொண்டுபோய்விட்டு மாற்றுப்பிள்ளையை வைத்துவிட்டார்கள். அவர்கள் கண் ஆண்பிள்ளைகள் மேல் என்பதால், மேற்குக் கடற்கரையில் பையன்களுக்குப் பத்துப் பன்னிரண்டு வயதுவரை பாவாடை கட்டிவிடுவார்கள். பாவாடையில் நிற்கும் அந்தப் பையன்களின் புகைப்படங்கள் இன்றும் இருக்கின்றன. தொட்டிலின் குறுக்கே இரும்புக் குறடு வைப்பார்கள். இரும்பு அவர்களுக்கு ஆகாது. இவையெல்லாம் யாரையும் நோகடிக்காத காப்புகள். மாற்றுப்பிள்ளை வந்துவிட்டது என்று முடிவான பிறகு செய்யப்பட்டவை வேறு மாதிரி. 'லஸ் மோர்' என்ற செடியின் சாற்றைக் குழந்தைக்குப் புகட்டுவார்கள். அது இதயத்தைத் தாக்கும் நஞ்சு. பழுக்கக் காய்ச்சிய மண்வாரியைக் காட்டி மிரட்டுவார்கள். துன்புறுத்தினால் மேட்டார் தம் பிள்ளையைத் திருப்பி எடுத்துக்கொள்வார்கள் என்பது கணக்கு. ஊனத்தோடோ தீராத நோயோடோ பிறந்த எத்தனை குழந்தைகள் இந்தக் கணக்கில் போனார்கள் என்று எந்தப் பேரேட்டிலும் இருக்காது.

பெரியவர் ஒருவர் போன கதை மட்டும் நீதிமன்றப் பதிவில் இருக்கிறது. டிப்பரரி மாவட்டத்தின் பாலிவாட்லி. 1895 மார்ச். பிரிஜெட் கிளீரிக்கு இருபத்தாறு வயது இருக்கும். தையல்காரி, சொந்தமாகத் தையல் இயந்திரம் வைத்திருந்தாள், கோழி வளர்த்து முட்டை விற்றாள். கணவன் மைக்கேல் பீப்பாய் செய்பவன். பிள்ளை இல்லை. முட்டை கொடுக்கப் போய்த் திரும்பியவளுக்குக் குளிரும் தலைவலியும் கண்டு படுத்துவிட்டாள். அவள் போன வழியில் கில்நக்ரானா மேடு இருந்தது. நாட்கள் போயின. மைக்கேலின் மனதில் ஒன்று விழுந்துவிட்டது. படுத்திருப்பவள் தன் மனைவி இல்லை. தன் மனைவியைவிட இரண்டு அங்குலம் உயரம், அவளைவிட அழகு.

மார்ச் 13 அன்று மருத்துவரும் வந்தார், பாதிரியாரும் வந்தார். 14 இரவு மூலிகை மருத்துவரிடமிருந்து வாங்கிய பச்சிலையைப் பாலில் காய்ச்சி, ஆண்கள் கைகாலைப் பிடித்துக்கொள்ள, வாயில் ஊற்றினார்கள். "நீ பிரிஜெட்தானா? கடவுள் பெயரால் சொல்" என்று மறுபடி மறுபடி கேட்டார்கள். அடுப்புக்கு மேலே பிடித்துக் கேட்டார்கள். அவளுடைய தகப்பனும் அத்தையும் அத்தை பிள்ளைகளும் அதே வீட்டுக்குள் இருந்தார்கள். மறுநாள் இரவு அவள் எழுந்து உடுத்திக்கொண்டு அடுப்பருகே வந்து உட்கார்ந்திருந்தாள். பேச்சு தடித்தது. மைக்கேல் அவளைத் தரையில் தள்ளினான். துணியில் தீப்பற்றியது. விளக்கு எண்ணெயை எடுத்து மேலே ஊற்றினான். அதன்பின் மூன்று இரவு அந்த மேட்டருகே காத்திருந்தான். வெள்ளைக் குதிரையில் அசல் பிரிஜெட் வெளியே வருவாள், கறுப்புக் கைப்பிடிக் கத்தியால் கட்டை அறுத்தால் அவள் தனக்கு மீண்டும் கிடைப்பாள் என்று நம்பினான், அல்லது நம்பியதாகச் சொன்னான். மார்ச் 22 அன்று போலீஸ் ஒரு பள்ளத்திலிருந்து உடலைத் தோண்டி எடுத்தது.

கொலை என்று தீர்ப்பாகவில்லை. நோக்கமில்லாமல் சாவு விளைவித்தது என்றுதான் ஆனது. மைக்கேலுக்கு இருபது வருடத் தண்டனை. பதினைந்து வருடத்தில் வெளியே வந்து கனடாவுக்குக் கப்பலேறினான். லண்டன் பத்திரிகைகளுக்குக் கொண்டாட்டம்: சுயாட்சி கேட்கிற கூட்டத்தின் லட்சணத்தைப் பாருங்கள்! உள்ளூர்ப் பிள்ளைகள் கயிறு தாண்டி விளையாடும்போது பாட ஒரு வரி கிடைத்தது: 'நீ சூனியக்காரியா, மேட்டுக்காரியா, இல்லை மைக்கேல் கிளீரி பெண்டாட்டியா?'

அந்த ஊரில் எல்லாரும் இதை நம்பினார்கள் என்று நினைத்தால் தவறு. அண்டைவீட்டார் பலர் திகைத்துப்போய் நின்றார்கள். நம்பிக்கை அங்கே ஒரு கிடங்கு மாதிரி இருந்தது. பெரும்பாலோர் அதிலிருந்து கதையை எடுத்தார்கள், சிலர் ஆறுதலை எடுத்தார்கள். சொந்தக் காசு சம்பாதித்துத் தலைநிமிர்ந்து நடந்த மனைவிமீது ஒருவனுக்கு இருந்த கசப்புக்கும் அதில் சொற்கள் தயாராக இருந்தன.

பச்சைத் தொப்பி எப்போது வந்தது? 1831இல் ஐரிஷ் எழுத்தாளர் சாமுவேல் லவர் எழுதிவைத்த லெப்ரகான், தங்கச் சரிகை வைத்த சிவப்புக் கோட்டு போட்டிருக்கிறான். 19ஆம் நூற்றாண்டின் இறுதியில் கவிஞர் யேட்ஸ் பகுத்தபோதும், தனியாகத் திரிபவர்களுக்குச் சிவப்புச் சட்டை, கூட்டமாக இருப்பவர்களுக்குப் பச்சை என்றுதான் எழுதினார். பச்சை தேசிய நிறமாகி, பஞ்சத்துக்குத் தப்பி அமெரிக்கா போனவர்கள் புனித பாட்ரிக் நாளில் அதையே உடுத்தி ஊர்வலம் போன பிறகு, லெப்ரகானும் உடை மாற்றிக்கொண்டான். கூடவே, ஆங்கிலேய கேலிச்சித்திரக்காரர்கள் ஐரிஷ்காரனுக்கு வரைந்து பழகிய துருத்திய தாடை, சுங்கான், குடிவெறி எல்லாம் அவன் முகத்தில் ஏறின.

மீதியை வியாபாரம் பார்த்துக்கொண்டது. டிஸ்னி 1940களில் படம் எடுக்க அயர்லாந்து வந்து நாட்டார் வழக்காற்று ஆணையத்திடம் யோசனை கேட்டார். ஆணையத்தின் தலைவர் ஷேமஸ் டெலார்கி அவரைப் பழைய வீரகாவியங்களின் பக்கம் திருப்பப் பார்த்தார். பலிக்கவில்லை. 1959இல் வெளிவந்த படத்தில் லெப்ரகான்கள் ராஜாவோடு சேர்ந்து கூட்டமாக வாழ்ந்தார்கள், தனியன் என்ற ஒரே அடையாளமும் போயிற்று. 1964இல் ஒரு அமெரிக்கக் காலை உணவுப் பெட்டியின் மேல் ஏறினான். முன்னாள் பிரதமர் ஜான் காஸ்டெல்லோ 1963இல் நாடாளுமன்றத்தில், சுற்றுலா விளம்பரம் லெப்ரகான்வரை தரம் இறங்கிவிட்டது என்று அலுத்துக்கொண்டார். 2010இல் டப்ளினில் லெப்ரகானுக்கு அருங்காட்சியகமே திறந்துவிட்டார்கள். விற்பதற்கு மேட்டாரில் இவன் ஒருவன்தான் அகப்பட்டான் என்று தோன்றுகிறது. மற்றவர்களின் முகத்தைக் காலை உணவுப் பெட்டியில் அச்சடிக்க எந்த ஐரிஷ் பாட்டியும் சம்மதித்திருக்கமாட்டாள்.

அதே ஆணையம் 1937 முதல் 1939 வரை செய்த ஒரு வேலையைச் சொல்லாமல் விடக் கூடாது. சுமார் ஐயாயிரம் தொடக்கப்பள்ளிகளில், மேல்வகுப்புப் பிள்ளைகளிடம் நோட்டைக் கொடுத்து, வீட்டுக்குப் போய்த் தாத்தா பாட்டியிடம் கேட்டு எழுதிவரச் சொன்னார்கள். ஐம்பதாயிரம் பிள்ளைகள் எழுதினார்கள். இன்று அவை இணையத்தில் படிக்கக் கிடைக்கின்றன. கோடு போட்ட தாளில் சாய்ந்த கையெழுத்தில், எங்கள் வயலில் ஒரு மேடு இருக்கிறது, அதில் யாரும் விறகு எடுப்பதில்லை, ஒருவர் எடுத்தார், அவருடைய மாடு செத்தது என்று நான்கே வரியில் ஒரு பையன் கதையை முடித்துவிடுகிறான்.

அந்த நோட்டுகள் பழங்கதையாகிவிட்டன என்று சொல்ல முடியவில்லை. 2017இல் கெர்ரி நாடாளுமன்ற உறுப்பினர் டானி ஹீலி-ரே, கில்லார்னிக்கும் கார்க்குக்கும் இடையிலான என்22 சாலை திரும்பத்திரும்ப உள்வாங்குவதற்கு அருகிலிருக்கும் மேடுகளே காரணம் என்று பத்திரிகைக்குச் சொன்னார். மேட்டில் கை வைப்பதைவிடப் பட்டினி கிடப்பேன் என்றார். நகரத்தார் சிரித்தார்கள்.

1999இல் கிளேர் மாவட்டத்தின் லாட்டூனில் புறவழிச்சாலை போட அளந்தபோது பாதையில் ஒரு வெள்ளைமுள் செடி நின்றது. கதைசொல்லி எடி லெனிஹன் பத்திரிகைக்குக் கடிதம் எழுதினார். மன்ஸ்டர் மாகாணத்து மேட்டார் கொனாக்ட்காரர்களோடு சண்டைக்குப் போகும்போது கூடும் இடம் அந்தச் செடி, வெட்டினால் அந்தச் சாலையில் விபத்து ஓயாது என்றார். அமெரிக்கப் பத்திரிகைவரை செய்தி போனது. பொறியாளர்கள் வரைபடத்தைத் திருத்திச் செடியை விட்டுவைத்தார்கள். 2002இல் ஓர் இரவு யாரோ இயந்திர ரம்பத்தோடு வந்து கிளைகளை ஒன்று விடாமல் அறுத்துப் போட்டுவிட்டுப் போனார்கள். ஆள் யாரென்று தெரியவில்லை. மொட்டையாக நின்ற தண்டு அடுத்த வசந்தத்தில் துளிர்த்தது. நெடுஞ்சாலைச் சரிவில், வேலிக்குள், பெரிய அழகொன்றும் இல்லாத முள்செடியாக அது நின்றுகொண்டிருக்கிறது. மே மாதத்தில் வெள்ளையாகப் பூக்கும். அந்தப் பூவில் லேசான பிண வாடை உண்டு. அழுகும் சதையில் உண்டாகும் அதே வேதிப்பொருள் வெள்ளைமுள் பூவிலும் இருக்கிறது. அதனால்தானோ என்னவோ, ஐரிஷ் பெண்கள் அந்தப் பூவை வீட்டுக்குள் கொண்டுவரமாட்டார்கள். கேட்டால் வேறு காரணம் சொல்வார்கள்.